அஞ்சு மணிக்கு மணிக்கூண்டு

போன்ல பேசுனது நீங்கதானம்மா? கடைசியில 'வச்சிருதேன்'னு சொன்னீங்கள்லா, அந்தச் சொல்லைக் கேட்டுத்தான் திரும்பிப் பாத்தேன். இந்த ஹாங்காங்குக்கு வந்து பதினாலு நாளாச்சு. பஸ்ஸுல, ட்ரெயின்ல, கப்பல்ல எத்தனை பேர் வாயைப் பாத்திருப்பேன், ஒருத்தர் வாயிலருந்தும் அப்படி ஒரு சொல் வரல. எந்திரிக்காதீங்க, நானே இந்தப் பக்கம் வந்துக்கிடுதேன். ஏர்போர்ட்டுக்குத்தான? நானும் அங்கதான். ஒரு மணி நேரம் ஆகும்னாங்க.

பாளையங்கோட்டையா? அதான பாத்தேன். எனக்குச் சங்கரன்கோவில். பேரு ஆவுடைத்தாய். சத்துணவு அமைப்பாளரா இருந்தேன், போன மே மாசத்தோட ரிட்டயர்டு. முப்பத்தோரு வருசம், ஒரே பள்ளிக்கூடம். அரிசி, பருப்பு, முட்டை எல்லாம் என் பொறுப்பு. லட்சக்கணக்குல முட்டை அவிச்சுக் குடுத்திருப்பேன், ஒண்ணை வாயில வச்சதில்ல. நாங்க சைவம்.

பெட்டியை இந்த மாடி பஸ்ஸுக்குக் கீழ்த் தட்டுல வச்சிருக்கு. அந்தா, அந்த டிவியில தெரியுது பாருங்க, பச்சைத் துணி கட்டுன பெட்டி. அந்தப் பொண்ணுதான் அடையாளத்துக்குக் கட்டிவிட்டா. அந்தப் பொண்ணுன்னா என் தம்பி பொண்டாட்டி. சீனாக்காரி. இங்கயே பிறந்து வளந்தவ. பேரு விங் யான். முறைக்கு என்னை மதினின்னு கூப்பிடணும், அவ அக்காங்கா. தம்பி கூப்பிடுதத பாத்து அதுதான் என் பேருன்னு நினைச்சுக்கிட்டாளோ என்னமோ. அவளைப் பத்திச் சொன்னா நிறைய இருக்கு. முழுசாக் கேட்டுட்டு நீங்களே சொல்லுங்க, யார் மேல தப்புன்னு.

என் தம்பி கோமதிநாயகம். எங்களுக்கு அப்பா அம்மா ஒரே வருசத்துல போயிட்டாங்க. அப்ப அவனுக்கு ஆறு வயசு, எனக்கு இருபத்தொண்ணு. ரெண்டு இடத்துலருந்து பொண்ணு கேட்டு வந்தாங்க. ஒருத்தர்கூட, அந்தப் பயலையும் சேத்துக் கூட்டிட்டு வான்னு சொல்லல. சரின்னு விட்டுட்டேன். அத ஒரு தியாகம் கீகம்னு நான் சொல்லல, பாத்துக்கிடுங்க. அப்ப அப்படித் தோணுச்சு. ஜவுளிக் கடையில நின்னேன், பிறகு இந்த வேலை கிடைச்சுது. அவன் நல்லாப் படிச்சான். கோயம்புத்தூர்ல இஞ்சினீயரிங், பெங்களூர்ல வேலை, அங்கருந்து இங்க வந்துட்டான். இன்சூரன்ஸ் கம்பெனியில கம்ப்யூட்டர் பிரிவுல பெரிய ஆளு.

ஊருக்கு வந்து ஒன்பது வருசம் ஆச்சு. குறை சொல்லக்கூடாது, போன் பண்ணுவான். முதல்ல வாரம் ஒரு தடவை, பிறகு மாசம் ஒரு தடவை. ஒவ்வொரு தடவையும் வைக்கும்போது சொல்லுவான், 'நீ ஒருக்க வாக்கா, இந்த ஊரை உனக்கு நான் கூட்டிட்டுப் போயிக் காட்டுதேன்'னு. கல்யாணத்தக்கூட அப்படித்தான் போன்ல சொன்னான். நாலு வருசம் ஆச்சு. இங்க ஆபீஸ்ல கையெழுத்துப் போட்டு முடிச்சுட்டோம்க்கா, நீ வரும்போது பாத்துக்கிடலாம், இந்த ஊரையும் காட்டுதேன்னான். எனக்கு ஊரைப் பாக்கணும்னு பெரிசா ஒண்ணும் இல்லம்மா. அவன்கூடப் போகணும். அவ்வளவுதான். சின்னதுல எங்க போனாலும் என் முந்தானையைப் பிடிச்சுக்கிட்டுத்தான் வருவான். இப்ப அவன் முன்னால போக நான் பின்னால போனா எப்படி இருக்கும்னு ஒரு ஆசை.

ரிட்டயர்டு ஆனதும் நான் வாரேன்னு சொல்லிட்டேன். அவன் கொஞ்ச நேரம் பேசல. சந்தோசத்துல பேச்சு வரலன்னு நினைச்சுக்கிட்டேன். பிறகு எல்லா ஏற்பாடும் அவதான் பண்ணுனா. பதினாலு நாள்தான் இருக்க விடுவாங்களாம். அதுக்கு எழுதிக் கேக்கது, டிக்கெட் அனுப்புதது, மெட்ராஸ் ஏர்போர்ட்ல எந்த வாசல்ல நிக்கணும்னு படம் போட்டு அனுப்புதது எல்லாம் அவ போன்லருந்துதான் வந்துச்சு. அவன் சொல்லச் சொல்ல அவ செஞ்சிருப்பா.

ஞாயித்துக்கிழமை வந்து இறங்குதேன், இதே ஏர்போர்ட்ல. அவன் முகத்தத் தேடுதேன், காணும். ஒரு ஒல்லிப் பொண்ணு வெள்ளை அட்டையில தமிழ்ல 'அக்கா'ன்னு எழுதிப் பிடிச்சுக்கிட்டு நிக்கா. எழுத்து ஒண்ணு பெரிசு ஒண்ணு சின்னது, பாத்து வரைஞ்சிருக்கா. என் பேரு எழுதத் தெரியல பாருங்க. நாயகம் எங்கன்னேன். 'வொர்க், வொர்க்'னா. ஞாயித்துக்கிழமையும் அவனுக்கு வேலை. அவ்வளவு பொறுப்பு.

வீடு ஹங் ஹோம்ல, இருபத்து மூணாவது மாடி. வீடுன்னா, நம்ம சத்துணவுக் கூடத்துல பாதி இருக்கும். ரூமு ஒண்ணுதான். அத எனக்குக் குடுத்துட்டு அவங்க ரெண்டு பேரும் ஹால்ல சோபாவ விரிச்சுப் படுத்தாங்க. தம்பிதான் சொல்லியிருப்பான், அக்காவுக்குக் கட்டில் குடுன்னு. அவன் வரும்போது ஒன்பது மணி. என்னைப் பாத்துட்டு, 'இளைச்சுட்டியேக்கா'ன்னான். கையப் பிடிச்சேன். 'களைப்பா இருப்ப, படு'ன்னான். மறுநா எந்திரிச்சா ஆபீஸ் போயிட்டான்.

மூணு நாள் அவ லீவு போட்டா. அவளுக்கு ஒரு கண்ணாடிக் கடையில வேலை, கண்ணு பரிசோதனை பண்ணி மூக்குக் கண்ணாடி போட்டுக் குடுக்கது. லீவு போட்டு எனக்கு ரயில்ல ஏற, இறங்கக் கத்துக் குடுத்தா. கார்டைத் தட்டுனா 'டூட்'ங்குது, கதவு திறக்குது. ஏணிப்படி அது பாட்டுக்கு ஓடுது. நான் கால வைக்கப் பயந்து நிக்கேன், பின்னால நூறு பேர் நிக்காங்க, அவ என் கையப் பிடிச்சுக்கிட்டு பக்கத்துலயே நிக்கா. என்னை அவசரப்படுத்தல. எனக்குத்தான் வெக்கமா இருந்துச்சு.

அவளுக்குத் தமிழ் தெரியாது, எனக்கு அவ பாஷை தெரியாது, இங்கிலீஷ் ரெண்டு பேருக்கும் அரைகுறை. போன்ல எதையோ பேசுவா, அது தமிழ்ல திரும்பிச் சொல்லும். சொல்லுத தமிழக் கேக்கணுமே. 'அக்கா நீ சிவப்பு வரிய எடு. மூன்று நிலையம் பிறகு உன்னை வெளியேற்று.' இப்படி. சிரிப்பை அடக்கிக்கிட்டு இருப்பேன். அந்த மூணு நாள்ல நான் பாத்ததையெல்லாம் ஒரு சின்ன நோட்டுல எழுதிக் குடுத்தா, எந்த ஸ்டேசன், எந்த வாசல், எந்தப் பஸ்ஸுன்னு. சீனத்துல, இங்கிலீஷ்ல, தமிழ்ல. தமிழ மட்டும் கையால வரைஞ்சிருந்தா.

அப்பவே எனக்குச் சுருக்குன்னுச்சு. என்னை வெளிய அனுப்பத்தான் இந்த ஏற்பாடு. நான் தம்பி வீட்டுல நாலு நாள் உக்காந்திருந்தா இவளுக்கு என்ன? நாளும் ஒரு இடம்னு நோட்டுல போட்டுக் குடுத்துட்டா நான் ஏன் வீட்டுல இருக்கப் போறேன்? அவன்கிட்ட சொன்னேன், நான் எங்கயும் போகல நாயகம், நீ வரும்போது சேந்து போவோம்னு. அவன் போனைப் பாத்துக்கிட்டே, 'இல்லக்கா, போயிட்டு வா, இங்க அடைஞ்சு கிடந்து என்ன செய்யப் போற'ன்னான். அவ ஏற்கனவே சொல்லிக் குடுத்துட்டா, பாத்தீங்களா.

போனேன். நாலாம் நாளிலருந்து தனியாத்தான். இந்த ஊர்ல மாடி வச்ச டிராம் ஓடுதுல்லா, அதுல ஏறி இந்தக் கடைசியிலருந்து அந்தக் கடைசி வரைக்கும் போவேன், திரும்பி வருவேன். பின்னால ஏறி முன்னால இறங்கணும், இறங்கும்போதுதான் கார்டைத் தட்டணும். மாடியில ஜன்னலோரம் உக்காந்தா ஊரு அப்படியே கைக்கு எட்டுத தூரத்துல போகும். துணி காயப்போட்ட கம்பி, மருந்துக் கடை, காஞ்ச மீனைத் தொங்கவிட்ட கடை, அதுல மூக்கைப் பொத்திக்கிடுவேன். கீழ பாத்தா தலைதான், தலை தலையாப் போகுது. இவ்வளவு சனமும் எங்கயோ போகுது, எல்லாரையும் எவனோ எங்கயோ எதிர்பாத்துக்கிட்டு இருக்கான்னு தோணும். எனக்கு மட்டும் போற இடத்துல யாரும் இல்ல.

பேசாம இருக்கது எவ்வளவு கஷ்டம்னு இங்கதாம்மா தெரிஞ்சுது. பள்ளிக்கூடத்துல நூத்து நாப்பது பிள்ளைங்க, காலையிலருந்து கத்திக்கிட்டே இருப்பேன். இங்க காலையில ஒன்பது மணிக்கு வெளிய வந்தா சாயங்காலம் வரைக்கும் வாயைத் திறக்க வேலையே கிடையாது. ட்ரெயின்ல ஒரு பொம்பளைக் குரல் மூணு பாஷையில ஸ்டேசன் பேரச் சொல்லும். ஒரு நா அதுகூடச் சேந்து நானும் மெதுவாச் சொல்லிப் பாத்தேன். பக்கத்துல இருந்த ஆள் தள்ளி உக்காந்துட்டான்.

கப்பல்ல மட்டும் ஒரு சிநேகிதம் கிடைச்சுது. கடலைத் தாண்டுத பச்சை வெள்ளைக் கப்பல், பத்து நிமிசம்கூட ஆகாது. அதுல ஒரு சீனத்துக் கிழவி, எழுவது எழுவத்தஞ்சு இருக்கும், மூணு நா தொடர்ந்து என் பக்கத்துல உக்காந்தா. முதல் நா என் சேலையத் தொட்டுப் பாத்தா. ரெண்டாம் நா ஆரஞ்சு உரிச்சு நாலு சுளை குடுத்தா. அவ அவ பாஷையில என்னமோ சொல்லிக்கிட்டே வந்தா, நான் என் பாஷையில நாயகத்தப் பத்திச் சொல்லிக்கிட்டே வந்தேன். அவளுக்குப் புரிஞ்ச மாதிரி தலைய ஆட்டுனா. நாலாம் நா அவ வரல. அதுக்குப் பிறகு நான் அவளுக்காகவே ரெண்டு நா போயிப் பாத்தேன், வரல.

என் மூக்குக் கண்ணாடியப் பாருங்க. புதுசு. வரும்போது ஒரு காது பக்கம் உடைஞ்சு நூல் கட்டியிருந்தேன். ஒரு நா சாயங்காலம் அவ கடைக்கு என்னைக் கூட்டிட்டுப் போயி, கண்ணை டெஸ்ட் பண்ணி, இத மாட்டிவிட்டா. நல்லாத் தெரியுது, இல்லன்னு சொல்லல. நாயகம் பாத்துச் சொல்லியிருப்பான். நான் வந்து கேட்டேன், எப்படிடா இருக்கு கண்ணாடின்னு. 'எது? ஓ, புதுசா, நல்லாருக்கு'ன்னான். தெரியாத மாதிரி காட்டிக்கிடுதான். சின்னதுலயே அவன் அப்படித்தான்.

இடையில ஒரு நா அவன் ஆபீஸுக்கே போயிட்டேன். டிராம்ல போகும்போது வான் சாய்னு பேரு வந்துச்சு. அவன் ஆபீஸ் அங்கதான்னு தெரியும், கட்டிடத்துப் பேரு நோட்டுல இருந்துச்சு. இறங்கி, போலீஸ்காரர்கிட்ட நோட்டக் காட்டி, போயிட்டேன். கீழ உக்காந்திருந்த பொண்ணு அவனுக்கு போன் போட்டா. வந்தான். கூட நாலஞ்சு பேரு சாப்பிடப் போறதுக்கு வாராங்க, எல்லாரும் கோட்டுப் போட்டு. என்னைப் பாத்ததும் அவனுக்கு முகம் ஒரு மாதிரி ஆயிட்டு. பாவம், நான் வழி தவறி வந்துட்டேன்னு பயந்திருப்பான். அவங்ககிட்ட என்னைக் காட்டி என்னமோ சொன்னான். 'ஆன்ட்டி'ன்னது மட்டும் காதுல விழுந்துச்சு. அக்காவுக்கு சிஸ்டர்தான, ஆன்ட்டிங்கானேன்னு ஒரு நிமிசம் நினைச்சேன். பெரியவங்கள அப்படித்தான் மரியாதையாச் சொல்லுவாங்க போலுக்கு. அவங்க எல்லாரும் எனக்குத் தலையக் குனிஞ்சு வணக்கம் சொன்னாங்க. நாயகம் என்னை பஸ் ஸ்டாப்பு வரைக்கும் கூட்டிட்டு வந்து, ஏத்திவிட்டு, 'இப்படிச் சொல்லாம வராதக்கா'ன்னான். பஸ் ஸ்டாப்பு வரைக்கும்னாலும் அவன் முன்னால போக நான் பின்னால போனேன். நடைதான் ரொம்ப வேகம்.

போன ஞாயித்துக்கிழமை என்னைக் கேபிள் கார்ல கூட்டிட்டுப் போறேன்னிருந்தான். காலையில பாத்தா பந்து விளையாடப் போயிட்டான், ஆபீஸ் ஆளுங்க கூப்பிட்டாங்களாம், தட்ட முடியலயாம். அவ என்னைக் கோயிலுக்குக் கூட்டிட்டுப் போனா. வோங் தாய் சின்னு பெரிய கோயில், ஒரே ஊதுபத்திப் புகை. எனக்கும் ஒரு கட்டுப் பத்தி வாங்கிக் குடுத்து, முட்டி போட்டு எப்படிக் கும்பிடணும்னு காட்டுனா. யாரு சாமியானாலும் சாமிதான, கும்பிட்டேன். வெளிய வந்து பெஞ்சுல உக்காந்ததும் போனை எடுத்து என்னமோ சொன்னா. அது, 'அக்கா, நீ கடவுளிடம் என்ன கேட்டாய்'னுச்சு. நான் போன்கிட்டயே சொன்னேன், நாயகம்கூட ஒருநா வெளிய போகணும்னு கேட்டேன்னு. அது சீனத்துல சொல்லிச்சு. அவ கேட்டா. கேட்டுட்டு ரொம்ப நேரம் அந்தப் பக்கம் திரும்பி உக்காந்திருந்தா. என்ன கோவமோ.

அன்னைக்கு ராத்திரி நான் ரூமுக்குள்ள படுத்திருக்கேன், ஹால்ல ரெண்டு பேருக்கும் சண்டை. குரலைத் தாழ்த்தித்தான் பேசுதாங்க, ஆனாலும் சண்டைன்னா தெரியாதா? அவ குரல்தான் ஓங்கி இருந்துச்சு. நடுவுல நாலஞ்சு தடவை 'அக்கா, அக்கா'ன்னா. நான் அவன்கூட வெளிய போகக்கூடாதுன்னுதான் சண்டை போடுதா, வேற என்ன? எனக்கு அழுகையா வந்துச்சு. தலகாணியக் கடிச்சுக்கிட்டுக் கிடந்தேன்.

ஆனா என் தம்பி விட்டுக் குடுக்கல. மறுநா காலையில என்கிட்ட வந்து, 'அக்கா, வியாழக்கிழமை சாயங்காலம் சீக்கிரம் வாரேன். கப்பல்ல போவோம், கரை முழுக்க லைட்டுப் போடுவான், நல்லாருக்கும். எத்தனை மணிக்குன்னு இவ பாத்துச் சொல்லுவா'ன்னான். அவ அடுப்படியில நின்னு அவனையே பாத்துக்கிட்டு இருந்தா.

வியாழக்கிழமை வந்துச்சு. அரக்குக் கலர்ல ஒரு பட்டு வச்சிருந்தேன், ரிட்டயர்டு அன்னைக்குக் கட்டுனது, அத உடுத்துனேன். எலுமிச்சம்பழச் சோறு கிண்டி டப்பாவுல எடுத்துக்கிட்டேன், கப்பல்ல உக்காந்து சாப்பிடலாம்னு. அவன் ட்யூசன் விட்டு வரும்போது ஆறுன சோத்தத்தான் விரும்பிச் சாப்பிடுவான். அஞ்சு மணிக்கு மணிக்கூண்டுக்குக் கீழ. கப்பல்துறைக்குப் பக்கத்துல செங்கல்லுல ஒரு மணிக்கூண்டு நிக்குதுல்லா, அங்க. நாலரைக்கே போயிட்டேன்.

அஞ்சு அடிச்சுது. ஒரு கூட்டம் வந்து படம் பிடிச்சுட்டுப் போச்சு. கல்யாணப் பொண்ணும் மாப்பிள்ளையும் வந்து வெள்ளைக் கவுன் தரையில கிடக்க நின்னாங்க. ஒரு புருஷன் பொண்டாட்டி என்கிட்ட போனைக் குடுத்துப் படம் எடுக்கச் சொன்னாங்க, எடுத்துக் குடுத்தேன். ஆறு அடிச்சுது. என் போன் வெளிய வேலை செய்யாது, வீட்டு நெட்டுலதான் ஓடும். பாத்ரூம் போகணும்போல இருக்கு, போகல. நான் போன நேரத்துல அவன் வந்து பாத்துட்டுப் போயிட்டான்னா? திண்டுல இடம் இருந்துச்சு, உக்காரல. உக்காந்தா கூட்டத்துல மறைஞ்சிருவேன். கோட்டுப் போட்ட ஒவ்வொருத்தனும் தூரத்துல அவன் மாதிரியே வாரான், பக்கத்துல வந்தா வேற ஆளு. காவலுக்கு நிக்கவர் ரெண்டு தடவை வந்து என்னமோ கேட்டாரு. பிரதர், பிரதர்னு சொன்னேன். ஏழு அடிச்சுது. அக்கரையில லைட்டெல்லாம் போட்டுட்டாங்க. நான் அதப் பாக்கவே இல்லம்மா. கடலுக்கு முதுகக் காட்டிக்கிட்டு பஸ் வார பக்கமே பாத்துக்கிட்டு நின்னேன்.

ஏழரைக்கு மேல அவ ஓடி வாரா. கடைச் சட்டையோட, மூச்சு வாங்கிக்கிட்டு. வேலை முடிஞ்சு வீட்டுக்குப் போயிருக்கா, நான் இல்ல, உடனே ஓடி வந்திருக்கா. வந்து என் ரெண்டு கையையும் பிடிச்சுத் தேய்க்கா, காத்துல சில்லிட்டுப் போயிருந்துச்சு. முதல்ல பாத்ரூமுக்குத்தான் கூட்டிட்டுப் போனா. நான் சொல்லல, அவளாத்தான். பிறகு டாக்ஸி பிடிச்சா. வழியெல்லாம் என் தோளப் பிடிச்சுக்கிட்டு ஜன்னலுக்கு வெளிய பாத்துக்கிட்டே வந்தா.

வீட்டுக்கு வந்தா நாயகம் குளிச்சுட்டு கைலியோட உக்காந்திருக்கான். என்னைப் பாத்ததும் எந்திரிச்சான். என்னடா நீ வரலன்னேன். அவன் ஒரு நிமிசம் முழிச்சான், பிறகு அவளக் காட்டி, “இவ என்கிட்ட சொல்லவே இல்லக்கா”ன்னான். திரும்பி அவகிட்ட இங்கிலீஷ்ல என்னமோ சொன்னான், வேகமா. அவ அவனைப் பாத்தா. ரொம்ப நேரம் பாத்தா. செருப்பக்கூட இன்னும் கழத்தல, கையில என் சோத்து டப்பா. பிறகு என் பக்கம் திரும்பித் தலையக் குனிஞ்சு, “சாரி, அக்கா”ன்னா.

ஒத்துக்கிட்டாள்லா? தப்பு செய்யலன்னா எதுக்கு சாரி கேக்கணும்?

அன்னைக்கோட அவகூடப் பேச்சை நிறுத்திட்டேன். நேத்து மத்தியானத்துக்கு மேல லீவு போட்டுட்டு வந்து, பூட்ஸ மாட்டிக்கிட்டு என் ரூம் வாசல்ல நின்னா, எங்கயோ கூட்டிட்டுப் போறதுக்கு. சுவரப் பாத்துத் திரும்பிப் படுத்துக்கிட்டேன். கொஞ்ச நேரம் நின்னு பாத்துட்டுப் போயிட்டா. இன்னைக்குச் சனிக்கிழமை, ஆனாலும் அவனுக்கு ஆபீஸ்ல என்னமோ கூட்டம். லிஃப்டுக்குள்ள நின்னுக்கிட்டே 'போயிட்டு போன் பண்ணுக்கா'ன்னான், நான் வாயத் திறக்கதுக்குள்ள கதவு மூடிட்டு. பெட்டியைத் தூக்கிட்டு வந்து, பஸ்ல ஏத்தி, டிரைவர்கிட்ட என்னைக் காட்டி ஏதோ சொல்லி, எல்லாம் அவதான். பஸ் கிளம்பும்போது கீழ நின்னு நம்ம ஊர் மாதிரி ரெண்டு கையையும் சேத்துக் கும்பிட்டா. நான் முகத்தத் திருப்பிக்கிட்டேன். வேணும், அவளுக்கு.

இப்பச் சொல்லுங்க, யார் மேல தப்பு?

அந்தா, பாலம் வந்துட்டு. எவ்வளவு உசரம். வரும்போது இதப் பாக்கல, பின்னால உக்காந்திருந்தோம், அவ எனக்குத் தண்ணி பாட்டிலத் திறந்து குடுத்துக்கிட்டு இருந்தா.

என்ன கேட்டீங்க?

அஞ்சு மணின்னு எனக்கு யாரு சொன்னதுன்னா? அவதான் சொன்னா. அன்னைக்கு மத்தியானம் கடையிலருந்து வந்தா, சாப்பாட்டு நேரத்துல, அதுக்குன்னே. அஞ்சு விரலைக் காட்டி, மணிக்கூண்டுப் படத்தக் காட்டிச் சொன்னா.

ஆமா. எனக்குச் சொன்னவ அவனுக்குச் சொல்லாம இருப்பாளான்னு கேக்கீங்க. நல்லாத்தான் கேக்கீங்க.

நான் பக்கத்துலதாம்மா நின்னேன். அவ அவனுக்குத்தான் போன் போட்டா. எனக்கும் கேக்கட்டும்னு சத்தமா வச்சா. அஞ்சு மணி, மணிக்கூண்டு, அக்கா, எல்லாம் சொன்னா. ரெண்டு தடவை சொன்னா. அவன், 'ஓகே, ஓகே, ஃபைவ்'னான். அவன் குரல் எனக்குத் தெரியாதா? மழலையிலருந்து கேட்ட குரல். பின்னால யாரோ சிரிக்கது கூடக் கேட்டுச்சு.

அப்ப எனக்குத் தெரியாதான்னு பாக்கீங்க. மணிக்கூண்டுக்குக் கீழ நிக்கும்போதே தெரியும்மா. ஆறு அடிக்கும்போதே தெரியும். ஆபீஸ்ல வச்சு ஆன்ட்டின்னானே, அதுவும்தான் தெரியும். நான் எஸ்.எஸ்.எல்.சி. பாஸு.

ஆனா நான் என்ன செய்ய? இவ மேல கோவப்பட்டா, கண்ணு காணாத ஊர்ல ஒரு சீனத்துப் பொண்ணு மேல கோவம், அது ஊருக்குப் போனா ஆறிரும். அவன் மேல கோவப்பட்டேன்னா, எனக்கு யாரும்மா இருக்கா? முப்பத்தொன்பது வருசத்த எங்க கொண்டு போயி வைக்க? அவன் பொய் சொன்னான்னு ஒருக்க நான் சொல்லிட்டா, பிறகு மாசம் ஒரு தடவை வார போனும் வராது. அதான், அவ தலையக் குனிஞ்சா, நானும் சரின்னு எடுத்துக்கிட்டேன். அவளும் எனக்காகத்தான குனிஞ்சா. அது தெரியாதா எனக்கு.

அழல, கண்ணாடி புதுசுல்லா, உறுத்துது.

ஏம்மா, உங்க போன் வேலை செய்யுதுல்லா? ஒரு உதவி பண்ணுவீங்களா? இந்தாங்க, இந்த நோட்டுல அவ நம்பர் இருக்கு. உங்க போன்லருந்து அவளுக்கு இங்கிலீஷ்ல ரெண்டு வரி எழுதி அனுப்புங்க. அக்கா எழுதச் சொன்னாங்கன்னு போடுங்க. பஸ்ல வசதியா உக்காந்திருக்கேன், தமிழ்ப் பொண்ணு ஒண்ணு பக்கத்துல இருக்கு, பயப்பட வேண்டாம்னு போடுங்க. போட்டாச்சா? பிறகு, நீ அன்னைக்கு அவன்கிட்ட சொன்னது என் காதுல விழுந்துச்சு, நீ எங்கிட்ட சாரி கேக்க வேண்டாம், நான்தான் உங்கிட்ட...

எழுதிட்டீங்களா? இருங்க, அனுப்பாதீங்க.

அவ அத அவன்கிட்ட காட்டிட்டான்னா? அவ காட்டமாட்டா. ஆனா அவன் எடுத்துப் பாத்துட்டான்னா? வேண்டாம்மா. அந்த வரிய அழிச்சிருங்க. அழிச்சாச்சா? நல்லாப் பாத்துக்கிடுங்க, ஒரு எழுத்தும் இருக்கக்கூடாது.

பஸ்ல உக்காந்திருக்கேன்னு மட்டும் இருக்கட்டும். அது போதும். அனுப்புங்க.